தலகாணிக்கு முதுகில் ஊசி

"வெக்கப்படாதீங்கம்மா. நல்லா சாஞ்சுக்குங்க. இந்தத் தோள்ல சாயாத ஆளே இந்த ஊர்ல இல்ல."

ஆபரேஷன் மேசையின் ஓரத்தில் கால்களைத் தொங்கவிட்டு உட்கார்ந்திருந்த காய்கறிக்கடை அம்மாள் சற்றுத் தயங்கினார். பிறகு எதிரே நின்றவனின் இடது தோளில் நெற்றியைப் பதித்தார். அவன் இரண்டு கைகளாலும் அவர் தோள்களை வளைத்து மெல்லக் கீழே அழுத்தினான். முதுகு வில்லாக வளைந்தது. பின்னால் மயக்க டாக்டரம்மா குளிர்ந்த மருந்தைத் தடவிவிட்டு, முதுகெலும்பின் இடுக்கை விரலால் தேடிக்கொண்டிருந்தார்.

"உங்க கடைல வெண்டைக்காய ஒடிச்சுப் பார்த்தா திட்டுவீங்களா?"

"திட்டாம? கையிலயே ஒண்ணு போடுவேன்" என்றார் அம்மாள், அவன் சட்டைக்குள் முகத்தை வைத்தபடி.

"நான் ஒடிக்கிற ஆளுதான். அடையாளம் தெரிஞ்சுதா?"

அம்மாளின் முதுகு சிரிப்பில் குலுங்கப் போனது. "சிரிப்ப அப்பறம் வச்சுக்கலாம். இப்ப மூச்சு மட்டும்" என்று பிடியை இறுக்கினான். நின்ற இடத்திலிருந்து அவனுக்கு ஊசி தெரியாது. டாக்டரம்மாவின் புருவம் மட்டும்தான் தெரியும். ஊசி எலும்பு இடுக்கில் நுழைந்து, அதன் பின்முனை வழியாகத் தண்ணீர் போல ஒரு சொட்டு வெளியே வரும்வரை அந்தப் புருவம் முடிச்சுப் போட்டுக்கொண்டே இருக்கும். முடிச்சு அவிழ்ந்தது.

"அவ்வளவுதாம்மா. முடிஞ்சு போச்சு."

"குத்தினதே தெரியலையே!"

"நாங்க என்ன, கொசுவா? சொல்லிட்டுக் குத்த."

ஒரு காலத்தில் அந்தத் தியேட்டரில் ஒரு தலையணை இருந்தது. முதுகில் ஊசி போடும்போது நோயாளி அதைக் கட்டிக்கொண்டு குனிவார். அது கிழிந்து பஞ்சு பறந்த பிறகு வேறொன்று வரவில்லை. அன்றைக்கு ட்ராலி தள்ள வந்தவன் எதிரே போய் நின்று தோளைக் கொடுத்தான். அன்றிலிருந்து அவனுக்குத் தலகாணி என்றே பெயர் விழுந்துவிட்டது. பெற்றோர் வைத்த பெயர் சம்பள நாளில் மட்டும் கூப்பிடப்படும்.

அம்மாளைப் படுக்கவைக்க வேண்டும். உடன் வேலை பார்க்கும் நெட்டை கால் பக்கம் போனான். தலகாணி அம்மாளின் அக்குளில் கைகொடுத்துத் தூக்கினான். தூக்கும்போது வலது தொடை இடுக்கில் அந்தக் கட்டி புடைத்துக்கொண்டு வந்தது. முகம் மாறாமல் பல்லைக் கடித்தான். ஆள் கனம் மேசைக்குப் போனதும், சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று, கட்டியை உள்ளங்கையால் அழுத்தி உள்ளே அனுப்பினான். குடலிறக்கம். ஆட்களைத் தூக்கித் தூக்கி வந்தது.

"அடுத்தது யாரு?" என்றார் டாக்டரம்மா.

பள்ளிக்கூடப் பிள்ளை போலத் தலகாணி கையைத் தூக்கினான். "நான்தான் மேடம்."

பெரிய டாக்டர் தானே அறுத்துவிடுவதாகச் சொல்லி நாள் குறித்திருந்தார். ஆனால் காலையில் முதல் கேசுக்குப் பிடிக்க ஆளில்லை என்பதால், நோயாளியே வந்து ஒரு கை கொடுத்துவிட்டுப் போவதாக ஏற்பாடு.

வெளியே பெஞ்சில் அவன் மனைவி உட்கார்ந்திருந்தாள். கட்டட வேலையில் ஜல்லி சுமக்கிறவள். அன்று லீவு போட்டிருந்தாள். முதுகுப் பக்கம் திறந்த பச்சை அங்கியோடு அவன் எட்டிப் பார்த்ததும் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"என்னங்க இது, முன்னால துரை, பின்னால பஞ்சமா?"

"சிரி, சிரி. உனக்கென்ன."

அவள் சிரிப்பை விழுங்கிவிட்டு அருகே வந்தாள். "சூப்பர்வைசர் கிட்ட பேசினீங்களா? ஆபரேஷனுக்கு அப்பறம் தூக்கக் கூடாதுன்னா, வேலை?"

"டாக்டரம்மா பேசறேன்னாங்க. தூக்கற வேலை நெட்டைக்கு. எனக்குப் பிடிக்கிற வேலை மட்டும்."

"எழுதி வாங்கினீங்களா?"

"அவங்க வாயால சொன்னா எழுதின மாதிரிதான்."

"சரி போங்க" என்றாள் அவள். "போய் நல்லாத் தூங்குங்க."

"தூங்கறதா? இது இடுப்புக்குக் கீழ மட்டும்தான். மேல நான் முழிச்சுக்கிட்டுத்தான் இருப்பேன். உள்ள நடக்கிறத எல்லாம் வந்து கதையாச் சொல்றேன் பாரு."

மேசையின் ஓரத்தில் இதுவரை உட்கார்ந்தது கிடையாது. எத்தனையோ முறை துடைத்திருக்கிறான். உட்கார்ந்தபோதுதான் அது எவ்வளவு சில்லென்று இருக்கிறது என்று தெரிந்தது. எதிரே நெட்டை வந்து நின்றான். இதுவரை கால் பக்கம் மட்டுமே நின்று பழகியவன். பிடித்ததே இல்லை.

"கால அகட்டி வை மச்சான். ஒரு காலு முன்னால. தோள இறக்கு."

"இதுக்கு மேல எப்படிடா இறக்கறது?"

தலகாணி நெற்றியைச் சாய்த்தான். அது நெட்டையின் சட்டைப்பை வரைதான் எட்டியது. "இது தோளாடா? மொட்டை மாடி."

பின்னால் பஞ்சு முதுகைத் துடைத்தது. குளிர் தண்டுவடம் வழியாகத் தலைக்கு ஏறியது. டாக்டரம்மா வழக்கம்போலச் சொன்னார்: "அசையாம பிடி."

சொன்ன மாத்திரத்தில் தலகாணியின் கைகள் எழுந்து நெட்டையின் தோள்களை வளைத்து இறுக்கின. கால்கள் மேசைக் கம்பியில் ஊன்றிக்கொண்டன. முதுகு தூணாக நிமிர்ந்தது.

"யாரை யாரு பிடிக்கிறீங்க?" என்றார் டாக்டரம்மா. "ஊசி யாருக்கு?"

"எனக்குத்தான் மேடம். கை பழகிப்போச்சு."

"கையத் தொங்கப் போடு. முதுக வளை. ஊருக்கெல்லாம் சொல்றியே."

அவன் வளைத்தான். மரத்துப்போகச் செய்யும் சின்ன ஊசி முதலில் சுருக்கென்று இறங்கியது. உடனே கைகள் தாமாக எழுந்து நெட்டையை மறுபடியும் கவ்விக்கொண்டன. இந்தச் சமயத்தில் பிடியை விட்டால் ஆள் விழுந்துவிடுவார் என்ற பயம் உடம்பில் ஊறிப் போயிருந்தது. முதுகு நிமிர்ந்தது. பெரிய ஊசி எலும்பில் முட்டி நின்றது.

"இடிக்குது. கதவு திறக்க மாட்டேங்குது" என்றார் டாக்டரம்மா. "இந்த ஆஸ்பத்திரியிலேயே மோசமான பேஷண்ட் நீதான்."

சிஸ்டர் சிரித்தார். நெட்டையும் சிரித்தான். சிரித்துக்கொண்டே, என்னதான் நடக்கிறது என்று, தலகாணியின் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தான். உயரம் அவனுக்கு வினையானது. ஊசியை முழு நீளத்தில் பார்த்துவிட்டான்.

"இவ்வளவு நீளமா?" என்று கேட்டான். முகம் வெளுத்தது. முழங்கால்கள் மடங்கின. நெடிய உடம்பு அப்படியே தலகாணியின் கைகளில் தொங்கியது.

தலகாணி விடவில்லை. அக்குளில் கைகொடுத்துத் தாங்கினான். நெட்டையின் கனம் அவனை முன்னால் இழுத்தது. தோள் இறங்கியது, தலை தொங்கியது, முதுகு வில்லாக வளைந்தது.

"அப்படியே இரு!" என்று கத்தினார் டாக்டரம்மா. "அவன விட்டுடாத! சிஸ்டர், ஒரு நிமிஷம் யாரும் தொடாதீங்க!"

முதுகின் நடுவே ஒரு அழுத்தம். வலி இல்லை. வலது காலில் மின்சாரம் போல ஒரு வெட்டு ஓடி மறைந்தது. பின்னால் டாக்டரம்மா மூச்சை விடுவது கேட்டது. "வந்துடுச்சு. அழகா வந்துடுச்சு."

"மேடம், மயக்க ஊசி எனக்கா இவனுக்கா?"

"சிரிக்காதே, ஊசி இன்னும் உள்ள இருக்கு."

சிஸ்டர் ஒரு ஸ்டூலை நெட்டைக்குக் கீழே தள்ளினார். பெரிய டாக்டரே கை கழுவுவதை நிறுத்திவிட்டு வந்து, சிஸ்டரோடு சேர்ந்து தலகாணியை மேசையில் சாய்த்தார். அவனை யாரும் அப்படித் தூக்கிப் படுக்கவைத்து அவனுக்கு நினைவில்லை.

உள்ளங்காலில் வெந்நீர் ஊற்றியது போல ஒரு சூடு. அது கெண்டைக்கால், முழங்கால், தொடை என்று ஏறியது. கால்கள் கனத்தன. பிறகு கனமும் போயிற்று.

"காலத் தூக்கு பார்ப்போம்."

தூக்கினான். அதாவது, தூக்கச் சொல்லி உத்தரவு போட்டான். உத்தரவு இடுப்பு வரை போய் நின்றுவிட்டது. டாக்டரம்மா ஈரப் பஞ்சால் தோளில் தொட்டார், ஜில்லென்றது. தொடையில் தொட்டார், ஒன்றுமில்லை. மார்புக்கு முன்னால் பச்சைத் துணியைத் திரையாகக் கட்டினார்கள். திரைக்கு அப்பால் சிஸ்டர் மருந்து தடவ ஒரு காலைத் தூக்கிப் பிடித்திருந்தார். ரோமம் அடர்ந்த கால்.

"யாரு காலு சிஸ்டர் அது?"

"உங்களுதுதான்."

"நல்லாத்தான் இருக்கு."

சற்று நேரத்தில் குமட்டிக்கொண்டு வந்தது. காது அடைத்தது. விளக்கு தூரமாகப் போனது. பிரஷர் இறங்குகிறது என்று சொல்லிக்கொண்டே டாக்டரம்மா ட்ரிப் குழாயில் ஒரு மருந்தை ஏற்றினார். "ஒண்ணுமில்ல, இப்ப சரியாயிடும்." வந்தவர்களுக்கெல்லாம் அவன் அதே வார்த்தையைத்தான் சொல்வான். ஒன்றுமில்லை என்று அவன் சொல்லிவந்தது இதுதானா என்று நினைப்பதற்குள் விளக்கு பழைய இடத்துக்கு வந்துவிட்டது.

வயிற்றுக்குக் கீழே யாரோ பையில் சில்லறை தேடுவது போல இழுபட்டது. வலி என்பது துளியும் இல்லை. படுத்துக்கொண்டு பேச்சுக் கேட்பது சுகமாக இருந்தது.

"உள்ள என்ன சார் இருக்கு?" என்று திரையைப் பார்த்துக் கேட்டான்.

"நீ இதுவரைக்கும் தூக்கின ஆளுங்க எல்லாரும் வரிசையா உக்காந்திருக்காங்க" என்றார் பெரிய டாக்டர். "ஒவ்வொருத்தரா இறக்கி விட்டுட்டு இருக்கேன்."

"அந்த வக்கீலம்மாவை முதல்ல இறக்குங்க சார். நல்ல கனம்."

"வயித்தக் குலுக்காதப்பா. மூணு மாசத்துக்கு ஒரு குடம் தண்ணி கூடத் தூக்கக் கூடாது, தெரியுமில்ல?"

"அவன் தூக்க வேண்டாம்" என்றார் டாக்டரம்மா, தலைமாட்டிலிருந்து. "பிடிச்சா போதும். சூப்பர்வைசர் கிட்ட சொல்லிட்டேன். தூக்க நெட்டை இருக்கான்."

"நெட்டையத் தூக்க யாரு?"

ஸ்டூலில் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்த நெட்டைக்குப் புரையேறியது. எல்லோரும் சிரித்தார்கள். தலகாணி வயிற்றைக் குலுக்காமல் கண்ணால் மட்டும் சிரித்தான். மூன்று மாதம் பிடித்துக்கொண்டு மட்டும் இருக்கலாம். யார் வந்தாலும் தோள். பேச்சு. மூச்சு விடுங்க. அதற்குச் சம்பளம் வேறு. கூரையைப் பார்த்தபடி அடுத்து வருகிறவர்களுக்குச் சொல்லப் புதிதாக நாலு வேடிக்கை யோசித்து வைத்தான்.

தையல் முடிந்து அவனைத் தியேட்டருக்கு வெளியே முன்னறையில் ட்ராலியில் விட்டார்கள். மேல் மாடி வார்டுக்குத் தள்ளிப்போக ஆளில்லை. தள்ளுகிற இரண்டு பேரில் ஒருவன் ட்ராலியில் படுத்திருந்தான், இன்னொருவன் பெஞ்சில்.

"மல்லாக்கப் படுத்திருக்கணும். தலையத் தூக்கினா பிடரியெல்லாம் இடிக்கும்" என்றார் சிஸ்டர். "தலகாணியும் வைக்கக் கூடாது."

"எனக்கேவா?" என்றான்.

மனைவியை உள்ளே விட்டார்கள். அவள் போர்வையை ஒதுக்கி அவன் பெருவிரலைக் கிள்ளினாள். "தெரியுதா?"

"எங்க கிள்ற?"

அவள் முகம் மலர்ந்தது. சுற்றிலும் பார்த்துவிட்டு, தொடையில் நன்றாக ஒன்று கிள்ளினாள். "இது என் தங்கச்சி கல்யாணத்துல வந்ததும் வராததுமா கோவிச்சுக்கிட்டுக் கெளம்பினதுக்கு." இன்னொன்று. "இது குடைய தொலைச்சதுக்கு. இது, சாப்பாட்டுல உப்பு இல்லைன்னு எங்கம்மா முன்னாடி சொன்னதுக்கு."

"ஏய், மருந்து எறங்கினதும் எல்லாம் சேர்ந்து வலிக்கப் போகுது!"

"வலிக்கட்டும். கட்டிக்கிட்ட நாள்லேருந்து இப்படி ஒரு சந்தர்ப்பம் கிடைச்சுதா?"

இருவரும் சிரித்துக்கொண்டிருந்தபோது சூப்பர்வைசர் வந்தார். கையில் ஒரு பை ஆரஞ்சு. ஆட்களை அனுப்பும் கான்ட்ராக்ட் கம்பெனியின் ஆள். சட்டை கசங்காமல் இருந்தது. நலம் விசாரித்தார். ஆரஞ்சைக் கால்மாட்டில் வைத்தார்.

"மேடம் சொன்னாங்க. நானும் பார்த்தேன். கான்ட்ராக்ட்ல தூக்கறது, தள்ளறது, துடைக்கிறது, மூணுதான் இருக்கு. பிடிக்கிறதுன்னு ஒரு வேலையே அதுல கிடையாது."

"தினமும் பிடிக்கிறேனே சார்."

"நீயா பிடிச்ச. யாரு பிடிக்கச் சொன்னா?"

தலகாணி யோசித்தான். யாரும் சொல்லவில்லைதான்.

"பிடிக்காம விட்டிருந்தா?" என்றாள் மனைவி.

"அது டாக்டருங்க பாடும்மா. கம்பெனிக்குச் சம்பந்தமில்ல." சூப்பர்வைசர் குரலைத் தணித்தார். "எனக்கும் மனசு கஷ்டமாத்தான் இருக்கு. மேடம் முன்னாடி சரின்னு சொல்லி வச்சேன். தூக்க முடியாத ஆள எந்தக் கணக்குல வைக்கிறது? மத்தியானமே வேற ஆள் வருது. நீ உடம்பத் தேத்திக்கிட்டு வா. இடம் இருந்தா பார்க்கலாம்."

"இடம் எங்கயும் போகாது சார்" என்றாள் அவள். "ஆளுதான் போறாங்க."

அவர் போன பிறகு அவள் ஒரு ஆரஞ்சை உரித்தாள். ஒரு சுளையைத் தன் வாயில் போட்டுப் பார்த்துவிட்டு அவன் வாயில் ஒன்றைத் திணித்தாள். "பழம் இனிக்குது. ஆளுதான் புளிப்பு. மென்னு முழுங்குங்க. நான் ஜல்லி சுமக்கிறது நிக்கலையே."

அவன் மென்றான். கால்கள் இருந்திருந்தால் எழுந்து உட்கார்ந்திருப்பான்.

தியேட்டருக்குள்ளிருந்து ஒரு பெரிய குரல் கேட்டது. "வேண்டாம் மேடம்! முழுசா மயக்கிடுங்க! முதுகுல மட்டும் வேண்டாம்!"

அடுத்த கேஸ். மூலத்துக்கு வந்த பஸ் டிரைவர். புகைபிடித்து நெஞ்சு கெட்டிருந்ததால் முழு மயக்கம் ஆபத்து என்று காலையிலேயே பேசிக்கொண்டார்கள். சிஸ்டரின் கெஞ்சல் கேட்டது. ஏதோ தட்டு விழுந்து உருண்டது. அதற்கு மேலாக டாக்டரம்மாவின் குரல், வழக்கம்போல: "தலகாணி எங்க? வரச் சொல்லு!"

"இதோ மேடம்!" என்றான் தலகாணி.

மனைவி அவனைப் பார்த்தாள். வாய்க்குள் இன்னும் ஒரு சுளை இருந்தது. அவன் அதை அவசரமாக விழுங்கினான்.

"ட்ராலியத் தள்ளு" என்றான்.

"உங்களுக்குக் கிறுக்கா?"

"பயந்து கெடக்காருடி. தள்ளு."

அவள் ட்ராலியைத் தியேட்டர் வாசலில், வெளியாட்கள் தாண்டக்கூடாத சிவப்புக் கோடு வரை தள்ளினாள். அங்கிருந்து சிஸ்டர் இழுத்துக்கொண்டார். டாக்டரம்மா முதலில் கோபப்படத்தான் பார்த்தார். பிறகு ட்ராலியையும் மேசையையும் மாறி மாறிப் பார்த்தார். இரண்டும் ஒரே உயரம். "குறுக்க கொண்டு வா. அவர் முட்டி கிட்ட. நீ தலையத் தூக்கக் கூடாது, தெரிஞ்சுதா?"

மேசை ஓரத்தில் மலை போல உட்கார்ந்து நடுங்கிக்கொண்டிருந்தார் டிரைவர். தன் முழங்காலுக்கு முன்னால் ஒரு ஆள் படுத்தபடி வந்து நின்றதைப் பார்த்துத் திகைத்தார்.

"யாருய்யா நீ?"

"இந்த ஊசிய காலைல போட்டுக்கிட்டவன். பாருங்க சார், இந்த ரெண்டு காலும் இன்னும் என் பேச்சக் கேக்கல. நான் பாட்டுக்கு ஆரஞ்சு தின்னுக்கிட்டு இருந்தேன். ஊதிக் காட்டவா?"

டிரைவர் குனிந்து மோந்து பார்த்தார். ஆரஞ்சுதான்.

"நீங்க பஸ்ஸு ஓட்டறீங்க இல்ல? வளைவு வந்தா என்ன பண்ணுவீங்க?"

"ஹாரன் அடிப்பேன்."

"இப்ப வளைவு வந்திருக்கு. முதுக வளைங்க. ஹாரன் மட்டும் வேண்டாம், அக்கம்பக்கத்துல பேஷண்டுங்க இருக்காங்க."

டிரைவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அந்தச் சிரிப்பிலேயே தோள் தளர்ந்தது. முன்னால் சாய்ந்து, படுத்திருந்தவனின் மார்பில் நெற்றியை வைத்தார். தலகாணி ட்ரிப் ஊசி குத்தாத கையால் அவர் பிடரியைச் சுற்றி வளைத்தான். கனமான தலை. வியர்வை அவன் அங்கியை நனைத்தது. இப்படி வளைந்த முதுகு வேண்டுமென்று கேட்டாலும் கிடைக்காது என்று டாக்டரம்மா முணுமுணுத்தார்.

"எந்த ஸ்டாப்புல இருக்கோம்?" என்றார் டிரைவர் மார்புக்குள்ளிருந்து.

"கடைசி ஸ்டாப் சார். இறங்கலாம்."

சொட்டு வந்துவிட்டது. சிஸ்டர் கைதட்டினார். டாக்டரம்மா முகமூடியை இறக்கிவிட்டுச் சிரித்தார். "உன்ன மாதிரி ஒரு ஆள் எங்கயாவது கிடைப்பானா?"

"மேடம், சூப்பர்வைசர் வந்தாரு" என்று ஆரம்பித்தான் தலகாணி.

"சொல்லிட்டேனே, சரின்னாரே."

"இல்ல மேடம், அதுல பிடிக்கிற வேலை..."

பிரஷர் மெஷின் கூவியது. டாக்டரம்மா டிரைவர் பக்கம் திரும்பிவிட்டார். "அப்பறம் பேசறேன், மறக்க மாட்டேன்" என்ற குரல் மட்டும் வந்தது. ட்ராலி வெளியே போயிற்று.

முன்னறையில் புதிய ஆள் வந்து நின்றிருந்தார். தலகாணியைவிட மூத்தவர். மீசை நரைத்திருந்தது. புதுச் சட்டையில் மடிப்புக் கோடுகள் அப்படியே இருந்தன. ஏதோ மில் மூடிவிட்டதாம், அதில் வேலை பார்த்தவராம். ட்ராலியை எங்கே பிடிப்பதென்று தெரியாமல் கம்பியைத் தடவினார்.

"இதுதான் முதல் தடவை தம்பி. எந்தப் பக்கம் நின்னு தள்ளணும்?"

"தலைமாட்டுல வாங்கண்ணே. கைய நேரா வைங்க. இடுப்பால முட்டுக் கொடுக்காதீங்க. பின்னால கஷ்டப்படுவீங்க."

"வேலை எப்படி?"

"நல்ல வேலைண்ணே. ஆளுங்க நல்ல ஆளுங்க."

மனைவி ட்ரிப் பாட்டிலை உயர்த்திப் பிடித்தாள். மறு கையில் ஆரஞ்சுப் பை. மேல் மாடிக்குச் சாய்தளம். நீளமான ஏற்றம், சுவரோடு ஒரு இரும்புக் கம்பி. பாதியில் புதியவரின் செருப்பு வழுக்கியது. ட்ராலி நின்று, சற்றுப் பின்னால் நழுவி, மறுபடி நின்றது. அவருடைய மூச்சு தலகாணியின் உச்சந்தலையில் சூடாகப் பட்டது.

"விரல் அசையுது!" என்று கூவினாள் மனைவி. "என்னங்க, உங்க கட்டை விரல் அசையுதுங்க!"

அவன் அசைத்துப் பார்த்தான். அசைந்தது. குழந்தை போலச் சிரித்தான். ஊசி இல்லாத கையை நீட்டிச் சுவர்க் கம்பியைப் பற்றினான்.

"விடுங்க தம்பி, நான் தள்றேன்ல."

"உங்களுக்கு இந்த ஏத்தம் புதுசுண்ணே."

கம்பியை இழுத்தான். ட்ராலி ஒரு முழம் ஏறியது. கையை விட்டு, முன்னால் எட்டிப் பிடித்து, மறுபடி இழுத்தான்.